சின்ன கிளினிக்குக்கு ட்யூபும் ஊசியும் வாங்குவது எப்படி?

"இனிமே இந்த ட்யூப், ஊசி, கப்பெல்லாம் நீங்களே பார்த்து ஆர்டர் போட்டுடுங்க" என்று சொல்லிவிட்டு டாக்டர் அடுத்த நோயாளியைப் பார்க்கப் போய்விடுவார். சொன்னது நர்ஸிடமாக இருக்கலாம், லேப் டெக்னீஷியனிடமாக இருக்கலாம், வரவேற்பில் உட்கார்ந்திருப்பவரிடமாகவும் இருக்கலாம். டீலர் அனுப்பிய விலைப்பட்டியலைத் திறந்தால் ஒரே ஊதா மூடி ட்யூப் ஆறு விதமாக இருக்கும். எதை வாங்குவது, எத்தனை வாங்குவது என்று யாரும் சொல்லித் தந்திருக்க மாட்டார்கள்.

தமிழ்நாட்டில் ஓர் ஊரில், சொந்தமாகப் பெரிய லேப் இல்லாமல், ரத்தமும் சிறுநீரும் எடுத்து வெளி லேபுக்கு அனுப்பும் கிளினிக்கை மனதில் வைத்துத்தான் இதை எழுதுகிறேன். உங்களிடமே சின்னதாக ஒரு லேப் இருந்தாலும் பெரும்பகுதி பொருந்தும்.

முதலில் லேபைக் கேளுங்கள், டீலரை அல்ல

புதிதாக வருகிறவர்கள் பெரும்பாலும் டீலருக்குத்தான் முதல் போன் போடுவார்கள். டீலர் தன்னிடம் இருப்பதைச் சொல்வார். உங்கள் சாம்பிளைப் பார்க்கப்போவது லேப். அந்த மெஷினுக்கு எந்த அளவு ட்யூப் பொருந்தும், எந்த டெஸ்டுக்கு எந்த மூடி என்பதை அவர்கள்தான் சொல்ல வேண்டும்.

எல்லா லேபிடமும் டெஸ்ட் லிஸ்ட் ஒன்று இருக்கும். ஒவ்வொரு டெஸ்டுக்கும் என்ன சாம்பிள், எத்தனை மி.லி., எந்த ட்யூப், எந்த வெப்பநிலையில் அனுப்ப வேண்டும் என்று அதில் போட்டிருக்கும். அதை வாங்கிக்கொண்டு, உங்கள் டாக்டர் வழக்கமாக எழுதும் டெஸ்டுகளை மட்டும் பென்சிலால் குறியுங்கள். ஒரு பொது மருத்துவரின் கிளினிக்கில் இருபது, இருபத்தைந்து டெஸ்டுக்கு மேல் போகாது. உங்கள் ஆர்டரின் அடிப்படை இந்தக் குறிப்புதான்.

அடுத்ததாக, என்னென்ன பொருட்களை லேபே தரும் என்று கேளுங்கள். பல லேப்கள் தங்களுக்கு வரும் சாம்பிளுக்கான ட்யூப், படிவம், ஜிப் கவர் எல்லாவற்றையும் கொடுத்துவிடுகின்றன. கிருமியை வளர்த்துப் பார்க்கும் ரத்தக் கல்ச்சர் பாட்டிலைக் கட்டாயம் அவர்களிடமே வாங்குங்கள். அது மெஷினோடு சேர்ந்த பொருள். ஒரு நிறுவனத்தின் மெஷினுக்கான பாட்டில் இன்னொன்றில் ஓடாது. லேப் தரும் ட்யூப் அந்த லேபுக்குப் போகும் சாம்பிளுக்கு மட்டும்தான். இரண்டு லேபுக்கு அனுப்புகிற கிளினிக் என்றால் இரண்டு அலமாரித் தட்டாகப் பிரித்து வையுங்கள். இல்லாவிட்டால் மாதக் கடைசியில் கணக்கு உதைக்கும்.

மூடியின் நிறம்

போனில் ஆர்டர் போடுபவர்கள் "வேக்குட்டெய்னர் ரெண்டு பாக்ஸ்" என்பார்கள். அது ஒரு பிராண்டின் பெயர். டீலர் கையில் எது இருக்கிறதோ அதை அனுப்பிவிடுவார். ஆர்டரில் இந்த ஐந்தும் இருக்க வேண்டும்: உள்ளே இருக்கும் மருந்து, மூடியின் நிறம், எத்தனை மி.லி., வாக்யூமா (காற்றை உறிஞ்சி எடுத்ததால் ரத்தத்தைத் தானே இழுக்கும் ட்யூப்) இல்லையா, பிராண்ட்.

ஊதா மூடி என்றால் இடிடிஏ, ரத்தம் உறையாமல் தடுக்கும் மருந்து. ரத்த அணுக்களை எண்ணும் சிபிசி, மூன்று மாதச் சர்க்கரையின் சராசரியைக் காட்டும் எச்பிஏ1சி இரண்டுக்கும் இதுதான். ஒரே ட்யூபில் இரண்டையும் பார்த்துவிடலாம். அதனால் இரண்டு டெஸ்ட் எழுதியிருக்கிறது என்று இரண்டு ட்யூப் எடுக்கத் தேவையில்லை.

மஞ்சள் மூடியில் ஜெல் இருக்கும். சிவப்பு மூடி ஜெல் இல்லாதது. இரண்டும் சீரத்துக்கு, அதாவது ரத்தம் உறைந்தபின் பிரியும் தெளிந்த நீருக்கு. கொழுப்பு, கிரியேட்டினின், ஈரல் பரிசோதனை, தைராய்டுக்கான டிஎஸ்எச் எல்லாம் ஒரே மஞ்சள் ட்யூபில் அடங்கிவிடும். சாம்பிள் லேப் போய்ச் சேரச் சில மணி நேரம் ஆகும் என்றால் ஜெல் ட்யூபையே வாங்குங்கள். சுழற்றியபின் ஜெல் நடுவில் தடுப்பாக நின்று, செல்லையும் சீரத்தையும் பிரித்து வைத்துவிடும். ஆனால் உங்களிடம் சுழற்றும் மெஷினான சென்ட்ரிஃப்யூஜ் இருந்தால்தான் அந்தப் பலன். மெஷினின் குழியில் 13 மி.மீ.க்கு 100 மி.மீ. ட்யூப் உட்காருமா, 75 மி.மீ. மட்டுமா என்று அளந்து பார்த்துவிட்டு வாங்குங்கள்.

சாம்பல் மூடி சர்க்கரைக்கு. உள்ளே, சர்க்கரை குறையாமல் காக்கும் சோடியம் ஃப்ளோரைடு. சாதாரண ட்யூபில் ரத்தத்தை அப்படியே வைத்தால், அறை வெப்பத்தில் மணிக்கு 5 முதல் 7 சதவீதம் வரை குளுக்கோஸ் குறையும். ரத்த அணுக்கள் தின்றுவிடும். காலை ஏழு மணிக்கு எடுத்த சாம்பிளை லேப் ஆள் பதினோரு மணிக்கு வந்து வாங்கிப் போகும் ஊரில் இது சின்ன விஷயமில்லை.

வெளிர் நீல மூடி, 3.2 சதவீத சோடியம் சிட்ரேட். பிடி ஐஎன்ஆர் போன்ற உறைதல் பரிசோதனைகளுக்கு. ஒன்பது பங்கு ரத்தத்துக்கு ஒரு பங்கு சிட்ரேட் என்ற கணக்கு பிசகக்கூடாது. கோடு வரை நிரம்பாத நீல ட்யூபை நல்ல லேப் வாங்கவே வாங்காது. மெல்லிய குழாயோடு வரும் பட்டர்ஃபிளை ஊசியில் எடுக்கும்போது குழாயில் இருக்கும் காற்று முதல் ட்யூபுக்குள் போய் ரத்தத்தின் அளவைக் குறைத்துவிடும். அதனால் முதலில் ஒரு ட்யூபில் கொஞ்சம் எடுத்துத் தூரப் போட்டுவிட்டு, இரண்டாவதாகத்தான் நீலத்தைச் செருக வேண்டும். அந்தத் தூரப் போடும் ட்யூபையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பச்சை ஹெப்பாரின், இதுவும் உறைதலைத் தடுப்பது. பொது கிளினிக்குக்கு அபூர்வமாகத்தான் தேவைப்படும். கறுப்பு மூடி இஎஸ்ஆருக்கு, அதாவது சிவப்பணுக்கள் படியும் வேகத்தைப் பார்க்க. ஆனால் பல லேப்கள் இப்போது இஎஸ்ஆரை ஊதாவிலேயே பார்த்துவிடுகின்றன. கேட்காமல் வாங்கினால் பெட்டி அப்படியே தூசி படியும்.

நிறம் பிராண்டுக்குப் பிராண்ட் கொஞ்சம் மாறும். லேபிளைப் படித்து உள்ளே இருக்கும் மருந்தைத்தான் நம்ப வேண்டும்.

ஒரு ட்யூப் தீர்ந்துபோனால் என்ன நடக்கும் தெரியுமா? ஆள் நிற்கிறார், வெறும் வயிற்றோடு வந்திருக்கிறார், சிவப்பு ட்யூபில் ரத்தம் கொஞ்சம் குறைவு, புது ட்யூப் இல்லை. ஊதா ட்யூபில் இருப்பதில் கொஞ்சத்தைச் சிவப்பில் ஊற்றிவிடுவார்கள். யாரும் பார்க்கவில்லை, வேலை முடிந்தது. மறுநாள் ரிப்போர்ட்டில் பொட்டாசியம் உயிருக்கு ஆபத்தான அளவில் நிற்கும், கால்சியம் அடிமட்டத்தில் கிடக்கும். ஆளோ நடந்து வந்து ரிப்போர்ட்டை வாங்கிக்கொண்டிருப்பார். இடிடிஏவில் இருக்கும் பொட்டாசியம் உப்புதான் அந்த எண்ணைக் காட்டியது. கால்சியத்தை இடிடிஏ பிடித்துக்கொண்டது. ரத்தம் எடுக்கும் வரிசையும் இதற்காகத்தான்: கல்ச்சர், நீலம், சிவப்பு அல்லது மஞ்சள், பச்சை, ஊதா, கடைசியில் சாம்பல். ஆர்டர் போடுபவருக்கு இதில் என்ன வேலை என்று கேட்கலாம். ஸ்டாக் இருந்தால் இப்படி ஊற்றிக்கொள்ளும் ஆசையே யாருக்கும் வராது.

வாக்யூமா, சாதாரண ட்யூபா?

விலைப்பட்டியலில் பாதி விலையில் இருப்பது வாக்யூம் இல்லாத ட்யூப். சிரிஞ்சில் எடுத்து, மூடியைத் திறந்து, கோடு வரை விட வேண்டும். ஊசியைக் கழற்றிவிட்டு, சுவரோரமாக மெதுவாக விட்டால் ஒன்றும் கெடாது. ஊசியோடு அழுத்திப் பீய்ச்சினால் சிவப்பணுக்கள் உடைந்து, "ஹீமோலைஸ்டு, மறுபடி அனுப்பவும்" என்று திரும்பி வரும். தவிர, ரத்தம் நிரம்பிய சிரிஞ்சும் கையுமாக ஒவ்வொரு மூடியாகத் திறப்பது கையில் குத்திக்கொள்வதற்கு வழி. என்னைக் கேட்டால், ஒரு நாளைக்கு ஐந்தாறு பேருக்கு மேல் ரத்தம் எடுக்கும் இடத்தில் வாக்யூம்தான் சரி. மிச்சம் பிடிக்க வேண்டிய இடம் இது இல்லை.

வாக்யூம் என்று முடிவு செய்துவிட்டால் ஒரே குத்தில் பல ட்யூபை நிரப்பும் மல்டி சாம்பிள் ஊசியும் அதைப் பிடிக்கும் ஹோல்டரும் சேர்த்து வாங்க வேண்டும். கேஜ் எண் கூடக் கூட ஊசி மெலிசு. பெரியவர்களுக்கு 21 கேஜ், நரம்பு மெலிந்தவர்களுக்கு 22. குழந்தைகளுக்கும், கையில் நரம்பே தெரியாத பாட்டிகளுக்கும் 23 கேஜ் பட்டர்ஃபிளை. அதற்கும் மெல்லிய ஊசியில் ரத்தம் உடையும் வாய்ப்பு கூடுகிறது. ஹோல்டரின் திருகு உங்கள் ஊசிக்குப் பொருந்துகிறதா என்று ஒரு சாம்பிள் பீஸ் கேட்டு வாங்கி முடுக்கிப் பாருங்கள். குழந்தைகள் அதிகம் வரும் இடம் என்றால் அரை மி.லி. அளவிலான சின்ன இடிடிஏ ட்யூபும் வேண்டும். பெரிய ட்யூபில் சொட்டு ரத்தம் விட்டால் மருந்தின் விகிதம் கெட்டுவிடும்.

ரத்தம் தவிர மற்றவை

சிறுநீர் கப் இரண்டு வகை. சாதாரணப் பரிசோதனைக்கு ஸ்டெரைல் (கிருமி நீக்கியது) தேவையில்லை. கல்ச்சருக்குத் தனித்தனியாகப் பாக்கெட்டில் அடைத்த ஸ்டெரைல் கப்தான். திருகு மூடியாகப் பார்த்து வாங்குங்கள். அழுத்து மூடி ஆட்டோவில் போகும்போது ஒழுகி, கூட இருக்கும் படிவங்களையும் நனைத்துவிடும். 24 மணி நேரச் சிறுநீர் கேன் எப்போதாவதுதான் கேட்பார்கள். சில டெஸ்டுக்கு அதில் அமிலம் ஊற்றித் தர வேண்டியிருப்பதால் லேபிடமே வாங்கிக்கொள்வது உத்தமம்.

மலப் பரிசோதனைக்கு உள்ளே கரண்டி வைத்த டப்பா. சளிக்கு வாய் அகன்ற, திருகு மூடி டப்பா. காசநோய் சந்தேகம் என்றால் அரசு மையங்களில் பரிசோதனை இலவசம் என்பதால் நிறைய வாங்கி அடுக்க வேண்டாம்.

சின்னச் சின்ன அறுவைகள் நடக்கும் கிளினிக்கில் வெட்டியெடுத்த திசுவை அனுப்பும் பயாப்சி டப்பா கட்டாயம். திசு கெடாமல் காக்கும் 10 சதவீத பஃபர்டு ஃபார்மலின் ஊற்றியே விற்கிறார்கள். கலந்து வைக்கும் தொல்லை இல்லை. திசுவின் அளவைப்போலக் குறைந்தது பத்து மடங்கு ஃபார்மலின் இருக்க வேண்டும். வாய் குறுகிய மருந்து பாட்டிலில் போட்டால், இறுகிய பிறகு திசு வெளியே வராது. கல்ச்சருக்கு அனுப்பும் எதையும் ஃபார்மலினில் போடக்கூடாது, கிருமி செத்துவிடும். அதனால் இந்த டப்பாவையும் ஸ்டெரைல் கப்பையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள்.

எத்தனை பெட்டி?

போன மாத டெஸ்ட் ரிஜிஸ்டரை எடுத்துக்கொள்ளுங்கள். ஊகம் வேண்டாம். ஒரு கணக்கு போட்டுக் காட்டுகிறேன்.

நாளுக்குப் பன்னிரண்டு பேர், மாதத்தில் 26 வேலை நாள் என்று வைத்துக்கொள்வோம். அதில் எட்டுப் பேருக்கு ஊதா ட்யூப் என்றால் மாதம் 208. ஏழு பேருக்கு மஞ்சள், 182. ஐந்து பேருக்குச் சர்க்கரை. இங்கேதான் எல்லோரும் கோட்டை விடுவார்கள். வெறும் வயிற்றில் ஒன்று, சாப்பிட்ட பிறகு ஒன்று, ஆக ஆளுக்கு இரண்டு சாம்பல் ட்யூப். மாதம் 130 இல்லை, 260. ஊசியும் அதேபோல. பன்னிரண்டு பேருக்குப் பன்னிரண்டு குத்து இல்லை, அந்த ஐந்து பேருக்கு இரண்டாம் தடவையும் சேர்த்துப் பதினேழு. மாதம் 442. நரம்பு கிடைக்காமல் மறுபடி குத்துவது, கீழே விழுவது என்று பத்து சதவீதம் கூட்டினால் 486. நூறு ஊசிப் பெட்டி ஐந்து.

நீலத்துக்கு வருவோம். இரண்டு நாளைக்கு ஒன்று என்றால் மாதம் 13. நூறு ட்யூப் உள்ள பெட்டி ஏழு மாதத்துக்கு மேல் ஓடும். பிளாஸ்டிக் சிட்ரேட் ட்யூபுக்கோ ஆயுள் மற்றவற்றைவிடக் குறைவு. டீலர் ஏற்கெனவே பாதி ஆயுள் முடிந்த பெட்டியைத் தந்தால் கால்வாசி குப்பைக்குத்தான் போகும். இந்த மாதிரி மெதுவாக நகரும் பொருளை லேபிடம் பத்து, இருபது என்று கேட்டு வாங்குங்கள், அல்லது பக்கத்துக் கிளினிக்கோடு பெட்டியைப் பங்கு போட்டுக்கொள்ளுங்கள்.

அடுத்த ஆர்டரை எப்போது போடுவது? நாள் செலவை டீலர் கொண்டுவர ஆகும் நாளால் பெருக்கி, அதோடு ஆறு வேலை நாள் கையிருப்பைக் கூட்டுங்கள். சாம்பல் நாளுக்குப் பத்து, டீலருக்கு நான்கு நாள் ஆகும் என்றால் நாற்பது, கூட அறுபது, ஆக நூறு. அதாவது கடைசிப் பெட்டியைப் பிரிக்கும் அன்றே ஆர்டர் போட வேண்டும். அந்தப் பெட்டியின் மேல் சிவப்பு மார்க்கரில் "ஆர்டர்" என்று எழுதி வைத்துவிட்டால் நீங்கள் லீவில் இருந்தாலும் பிரிப்பவர் கண்ணில் படும்.

டீலரும் கொட்டேஷனும்

இரண்டு மூன்று பேரிடம் கொட்டேஷன் வாங்குங்கள். சென்னையில் இருப்பவர்கள் பார்க் டவுன் நைனியப்ப நாயக்கன் தெருப் பக்கம் ஒரு நடை போய்வந்தாலே விலை நிலவரம் தெரிந்துவிடும். மற்ற ஊர்களில் மருத்துவக் கல்லூரி இருக்கும் பகுதியில் சர்ஜிக்கல் கடைகள் இருக்கும்.

விலையை ஒப்பிடும்போது ஜிஎஸ்டி சேர்த்த விலையையே ஒப்பிடுங்கள். மருத்துவச் சேவைக்கு ஜிஎஸ்டி விலக்கு இருப்பதால், வாங்கும் பொருளுக்குக் கட்டிய வரியை கிளினிக் திரும்பப் பெற முடியாது. மற்ற கடைக்காரருக்கு வரி கைமாறிப் போகும் பணம். நமக்கு அது முழுச் செலவு. வண்டிக் கூலி யார் தலையில் என்பதையும் கேட்டுவிடுங்கள்.

ட்யூபும் ஊசியும் 2017ஆம் ஆண்டு மருத்துவச் சாதன விதிகளின் கீழ் வருபவை. விற்பவரிடம் எம்டி-42 பதிவுச் சான்றோ, மொத்த விற்பனை மருந்து உரிமமோ இருக்க வேண்டும். பில்லில் அந்த எண்ணும், பொருளின் பேட்ச் எண்ணும் காலாவதித் தேதியும் அச்சாகி வரவேண்டும். "பில் இல்லாமன்னா இன்னும் கொறைச்சுத் தரேன்" என்பவரை விட்டு விலகிவிடுங்கள். ஒரு பேட்ச் முழுக்க ரத்தம் உறைந்துபோகிறது என்று நாளைக்குப் புகார் செய்ய வேண்டியிருந்தால் கையில் இருக்கப்போவது அந்தப் பில்தான்.

ஆர்டரை வாட்ஸ்அப்பில் எழுத்தாக அனுப்புங்கள். அதில் ஒரு வரி மறக்காமல் சேருங்கள்: "காலாவதிக்குக் குறைந்தது 12 மாதம் இருக்க வேண்டும், சிட்ரேட்டுக்கு 6 மாதம். குறைவாக இருந்தால் திருப்பி அனுப்புவோம்." சொல்லாமல் விட்டால் கடையில் தேங்கியதெல்லாம் உங்கள் அலமாரிக்கு வரும்.

பெட்டி வந்ததும்

டெலிவரி ஆளை ஐந்து நிமிடம் நிற்க வையுங்கள். பில்லையும் பெட்டியையும் பேட்ச் எண் வரை ஒத்துப் பாருங்கள். ஒரு ட்யூபை எடுத்து வெளிச்சத்தில் பிடியுங்கள். லேபிளில் தயாரிப்பாளர் பெயர், உரிம எண், மருந்து, அளவு, காலாவதி எல்லாம் இருக்கிறதா, சிட்ரேட் ட்யூபில் திரவம் எல்லாவற்றிலும் ஒரே மட்டத்தில் நிற்கிறதா, ஜெல்லில் விரிசல் இருக்கிறதா. புது பேட்ச் என்றால் இரண்டு ட்யூபைத் தியாகம் செய்து, ஊசியும் ஹோல்டரும் போட்டு ஒரு டம்ளர் தண்ணீரை இழுக்க விடுங்கள். கோடு வரை ஏறி நின்றால் வாக்யூம் சரி. பாதியில் நின்றுவிட்டால் அந்தப் பெட்டியை வைத்துக்கொள்ளாதீர்கள். நோயாளி கையில் ஊசி இருக்கும்போது தெரிவதைவிட இப்போதே தெரிவது நல்லது.

வைக்கும் இடம்

பெரும்பாலான ட்யூபுகளில் 4 முதல் 25 டிகிரி வரை என்று அச்சடித்திருக்கும். மொட்டை மாடி ஷீட் கூரை அறையில் மே மாதம் என்ன வெப்பம் இருக்கும் என்று உங்களுக்கே தெரியும். ஏசி இருக்கும் ஆலோசனை அறையில் ஓர் அலமாரியைக் கேட்டு வாங்குங்கள். டாக்டர் முதலில் முகம் சுளிப்பார். ஜன்னல் வெயில் படக்கூடாது, ஃப்ரீசரிலும் வைக்கக்கூடாது. புதுப் பெட்டி பின்னால், பழையது முன்னால்; அதிலும் வாங்கிய தேதியை விடுங்கள், காலாவதித் தேதியைப் பார்த்து அடுக்குங்கள். மாதத்தின் முதல் வேலை நாளில் எல்லாத் தேதியையும் ஒருமுறை பார்த்து, மூன்று மாதத்துக்குள் முடிவதைத் தனியே எடுத்து வையுங்கள்.

பட்டியலில் விட்டுப்போகிறவை

ட்யூபும் ஊசியும் நினைவில் இருக்கும். ரத்தம் எடுக்கும்போது கையில் இறுக்கும் டூர்னிக்கே பட்டை, கையுறை, பஞ்சு, ஸ்பிரிட், குத்திய இடத்தில் ஒட்டும் சின்ன பிளாஸ்டர் எல்லாம் தீர்ந்த பிறகுதான் நினைவுக்கு வரும். குளிரில் ஈரமானாலும் அழியாத லேபிளும் மார்க்கரும் வேண்டும். ஒரே நாளில் இரண்டு லட்சுமி வருவது நம் ஊரில் சாதாரணம். பெயரோடு வயதோ எண்ணோ எழுத லேபிளில் இடம் இருக்கட்டும். சாம்பிளுக்கு ஒரு அறை, படிவத்துக்கு வெளியே ஒரு அறை என்று இரண்டு அறை உள்ள ஜிப் கவர் வாங்கினால் ஒழுகினாலும் படிவம் தப்பிக்கும். ஐஸ் பெட்டியும் ஜெல் பேக்கும் தேவை. பேக் ட்யூபை நேரடியாகத் தொடாமல் நடுவில் அட்டை வைக்க வேண்டும், இல்லாவிட்டால் ரத்தம் உறைபனியாகி உடைந்துவிடும்.

குப்பைக்கான பொருட்களையும் இதே ஆர்டரில் சேர்த்துவிடுங்கள். 2016ஆம் ஆண்டு மருத்துவக் கழிவு விதிப்படி ஊசிக்குக் குத்தினாலும் துளைபடாத வெள்ளை டப்பா, பிளாஸ்டிக் சிரிஞ்ச், ட்யூபுக்குச் சிவப்புப் பை, ரத்தம் பட்ட பஞ்சுக்கு மஞ்சள் பை, கண்ணாடிக்கு நீலக் குறியிட்ட டப்பா. பை பார்கோடு உள்ளதாக இருக்க வேண்டும். உங்களிடம் கழிவு வாங்கிப் போகும் நிறுவனம் எந்தப் பையை ஏற்கும் என்று கேட்டுவிட்டு வாங்குங்கள். ஊசி கட்டர் பழுதானால் அன்றே மாற்றுங்கள்.

மழையும் பண்டிகையும்

ரிஜிஸ்டர் கணக்கு பொய்த்துப்போகும் மாதங்கள் உண்டு. வடகிழக்குப் பருவமழை தொடங்கினால் காய்ச்சல் கூட்டம் வரும். டெங்கு சந்தேகம் என்றால் பிளேட்லெட் பார்க்க அதே ஆளுக்கு நாள் விட்டு நாள் சிபிசி எழுதுவார்கள். அக்டோபர் முதல் டிசம்பர் வரை ஊதா ட்யூபை வழக்கத்தைவிட ஒன்றரை மடங்காவது வைத்துக்கொள்ளுங்கள், குழந்தைகளுக்கான சின்ன ட்யூபையும் சேர்த்து. சரியாக அதே சமயத்தில்தான் ஆயுத பூஜையும் தீபாவளியும் வந்து கடையும் கூரியரும் மூடிக்கிடக்கும். மழை வெள்ளத்தில் லாரி நிற்பது தனிக்கதை. பொங்கலுக்கும் அப்படித்தான், நான்கைந்து நாள் ஒன்றும் நகராது. பண்டிகைக்குப் பத்து நாள் முன்பே ஆர்டரை அனுப்பி, "அனுப்பியாச்சு" என்ற வார்த்தையை நம்பாமல் கூரியரின் எண்ணைக் கேட்டு வாங்கிவிடுங்கள்.